கோகிலா நிறுத்திய ஆட்டம்

கோகிலாவைப் பற்றி எழுத வேண்டுமென்றால் முதலில் என்னைப் பற்றிய ஒரு அசிங்கத்தைச் சொல்லிவிட வேண்டும். மைதானத்தில் நெஞ்சு நின்று விழுந்து கிடந்த ஒரு பையனுக்கு நான் மஞ்சள் அட்டை காட்டியவன். நடிக்கிறான், நேரம் கடத்துகிறான் என்று நினைத்தேன். இருபத்தெட்டு வருடம் அரசுப் பள்ளியில் உடற்கல்வி ஆசிரியராக இருந்து, ஓய்வு பெற்ற பிறகும் தர்மபுரி மாவட்டத்தில் எங்கே கால்பந்து நடந்தாலும் விசிலை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகிற தமிழ்மணி சார் நான்தான். இதை மறைத்துவிட்டு மற்றவர்களைத் திட்ட ஆரம்பித்தால் என் வாய் எனக்கே நாறும்.

கோகிலாவுக்கு நாற்பத்து நான்கு வயது. தொப்பூர் கணவாயில், லாரிகள் பிரேக் சூடாகி ஓரங்கட்டும் இடத்துக்குக் கொஞ்சம் மேலே, தகரக் கொட்டகையில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறாள். லாரி ஓட்டப் போன கணவர் நாக்பூர் பக்கம் இன்னொரு குடும்பத்தோடு தங்கிவிட்டார். அதற்காக யாராவது 'உச்' கொட்டினால் அவளுக்குப் பிடிக்காது. "அந்தாளு போனதுல மாசம் ஒரு மூட்ட அரிசி மிச்சம்" என்பாள். பேச்சு எப்போதும் வெடுக்கென்றுதான் இருக்கும். குழம்பில் உப்பு கூட என்று சொன்ன ஒரு போலீஸ்காரரிடம் தட்டைப் பிடுங்கிக்கொண்டு அனுப்பியவள்.

பதினோரு வருடத்துக்கு முன்னால் ஒரு காலையில், அவள் கடையில் இட்லி தின்றுகொண்டிருந்த வெளியூர் லாரி டிரைவர் ஒருவர் பெஞ்சிலிருந்து அப்படியே சரிந்தார். கை கால் வெட்டி வெட்டி இழுத்தது. வலிப்பு என்றார்கள் எல்லாரும். நம் பக்கம் வலிப்பு என்றால் உடனே இரும்பு. கடைச் சாவிக்கொத்தை அவர் உள்ளங்கையில் வைத்து, விரல்களை மூடி இறுகப் பிடித்துக்கொண்டவள் கோகிலாதான். இழுப்பு நின்றது. இரும்புக்கு நின்றுவிட்டது என்று எல்லாருக்கும் நிம்மதி. கால் மணி நேரம் கழித்து ஆம்புலன்சில் வந்தவர் கழுத்தைத் தொட்டுப் பார்த்துவிட்டு, இது வலிப்பே இல்லை, மாரடைப்பு, விழுந்ததுமே நெஞ்சை அழுத்தியிருக்க வேண்டும் என்றார். அந்த விரல்களைப் பிரித்துச் சாவியை எடுத்துத்தான் அன்று அவள் கடையைப் பூட்டினாள்.

அடுத்த வருடம் சாலையோரக் கடைக்காரர்களுக்கு முதலுதவிப் பயிற்சி என்று ஒரு கல்யாண மண்டபத்தில் இரண்டு நாள் நடத்தினார்கள். போன முப்பது பேரில் முக்கால்வாசிப் பேர் மதியச் சாப்பாட்டுக்கும் சர்டிபிகேட்டுக்கும் போனவர்கள். கோகிலா மட்டும் பழகிப்பார்க்க வைத்திருந்த ரப்பர் பொம்மையை விடவே இல்லை. முழங்கையை மடக்காமல், மார்பின் நடு எலும்பில், எத்தனை அழுத்தம், நிமிஷத்துக்கு எத்தனை தடவை என்று கேட்டுக் கேட்டுப் பழகினாள். எலும்பு ஒடிந்தாலும் கையை எடுக்காதே என்று பயிற்சி கொடுத்த டாக்டர் சொன்னதை என்னிடமே பத்து தடவை சொல்லியிருக்கிறாள்.

அதற்குப் பிறகு கணவாயில் நான்கு பேருக்கு அழுத்தியிருக்கிறாள். நான்கு பேரும் பிழைக்கவில்லை. ஒருவர் அவள் கையடியிலேயே போனார். ஒவ்வொரு தடவையும் வீட்டுக்குப் போய்த் தலை முழுகிவிட்டு, மறுநாள் காலை அடுப்பைப் பற்றவைப்பாள். "ஒரே ஒருத்தன் எழுந்து உக்காந்து என்னத் திட்டினாக்கூடப் போதும் சார்" என்று ஒருநாள் சொன்னாள். நான் ஏதோ சமாதானம் சொன்னேன். என்ன சொன்னேன் என்று நினைவில்லை, உருப்படியாக எதுவும் இருந்திருக்காது.

கணவாயில் சாலை வேலை ஆரம்பித்ததிலிருந்து அவள் கடைக்கு முன்னால் லாரி நிற்க இடமில்லை. அதனால் ஞாயிற்றுக்கிழமைகளில் வெளிச் சமையல் ஒப்புக்கொள்ள ஆரம்பித்தாள். நல்லம்பள்ளிப் பக்கத்து ஊர் ஒன்றில் வருடா வருடம் நடக்கும் கால்பந்துப் போட்டியில் ஆட்டக்காரர்களுக்குச் சமைக்க அவளைச் சேர்த்துவிட்டது நான்தான்.

போட்டி என்றால் உள்ளூர்ப் பையன்கள் வெறுங்காலில் ஆடுகிற விளையாட்டு என்று நினைத்துவிடாதீர்கள். பத்து வருடத்துக்கு முன்னால் அப்படித்தான் இருந்தது. இப்போது ஒவ்வொரு அணிக்கும் ஒரு முதலாளி. பெங்களூர், கோழிக்கோடு என்று கிளப்புகளில் சம்பளத்துக்கு ஆடுகிறவர்களைப் பேசிக் கூட்டிவருகிறார்கள். காலை பஸ்ஸில் வந்து இறங்கி, மதியம் ஆடி, மாலை பஸ் ஏறிவிடுவார்கள். அவர்களில் ஒருவன்தான் ரஞ்சித்குமார். வத்தல்மலைக்காரன். இருபத்து மூன்று வயது. பெங்களூரில் ஒரு கிளப்பில் நடுக்கள ஆட்டக்காரன். சொந்த மாவட்டத்தில் ஆடுகிறோம் என்ற சந்தோஷத்தில், முதல்நாள் கிளப்புக்கு ஒரு ஆட்டம் ஆடிவிட்டு, பஸ்ஸில் உட்கார்ந்தபடியே வந்து, மறுநாள் எங்கள் அரையிறுதிக்கு இறங்கினான். அவனுக்குக் காய்ச்சல் அடித்தது என்று பிறகுதான் தெரிந்தது. அவனைக் கூட்டிவந்த அணியின் மேனேஜருக்கு முன்பே தெரியும்.

விழாக் குழுத் தலைவர் அர்ச்சுனன். வெள்ளைச் சட்டை, பையில் இரண்டு போன், வாயில் எந்நேரமும் 'நம்ம பசங்க'. அனுமதி வாங்க மைதானத்தில் ஆம்புலன்ஸ் நிற்க வேண்டும் என்பது விதி. அதனால் தனியார் ஆம்புலன்ஸ் ஒன்றை வாடகைக்குப் பிடித்துக் கோல் போஸ்ட்டுக்குப் பின்னால் நிறுத்தியிருந்தார்கள். காலையில் அதிகாரி வந்து பார்த்தார், போட்டோ எடுத்தார், போனார். மாலை நான்கு மணிக்கு ஆட்டம். ஐந்து மணிக்குச் சிறப்பு விருந்தினர். கார்களெல்லாம் விருந்தினரை வரவேற்க டோல்கேட்டுக்குப் போய்விட்டதால், மாலையும் சால்வையும் கோப்பையும் எடுத்துவரத் தர்மபுரிக்கு எதை அனுப்பினார்கள் என்று நினைக்கிறீர்கள்? அந்த ஆம்புலன்சைத்தான். சைரன் இருக்கிறது, சீக்கிரம் வந்துவிடும் என்று அர்ச்சுனனே சொன்னாராம்.

முப்பத்து நான்காவது நிமிடம். பந்து வலது பக்கம் போய்க்கொண்டிருந்தது. ரஞ்சித்குமார் நடுவில், பக்கத்தில் யாரும் இல்லாத இடத்தில், முகம் குப்புற விழுந்தான். அவன் அணி ஒரு கோல் முன்னிலையில் இருந்தது. எதிரணிக்காரர்கள் 'நடிக்கறான் ரெப்ரீ' என்று கத்தினார்கள். நான் ஓடிப்போய், எழுந்திரு என்று இரண்டு தடவை சொன்னேன். அவன் எழவில்லை. பையிலிருந்து அட்டையை எடுத்து உயர்த்தினேன். கூட்டம் கை தட்டியது. அப்புறம்தான் அவன் காலைப் பார்த்தேன். வெட்டி இழுத்துக்கொண்டிருந்தது.

அட்டையை எங்கே போட்டேன் என்று தெரியவில்லை. எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. கயிற்றைத் தாண்டிக் கூட்டம் உள்ளே பாய்ந்தது. "வலிப்பு, வலிப்பு, இரும்பு குடுங்க" என்று நான்கு பக்கமும் சத்தம். பைக் சாவி, வீட்டுச் சாவி என்று ஆளாளுக்கு நீட்டினார்கள். அவனைப் புரட்டிப் போட்டு, இரண்டு கையிலும் சாவிகளைத் திணித்து, ஒருவன் தாடையைப் பிடித்து அமுக்கினான். ஒருவன் சோடாவை உடைத்து முகத்தில் அடித்தான். அவர்களையாவது விட்டுவிடலாம், தெரிந்ததைச் செய்தார்கள். சுற்றி நின்ற நூறு பேர் செல்போனைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்திருந்தார்களே, அவர்களை விட முடியாது. முன்னால் நின்றவனை 'தல மறைக்குது, குனிடா' என்று ஒருவன் அதட்டினான்.

கோகிலா சமையல் பந்தலிலிருந்து ஓடி வந்தாள். சேலையை இழுத்துச் செருகியிருந்தாள், கையில் மஞ்சள் தூள். தாடையைப் பிடித்திருந்தவனை முடியைப் பிடித்து இழுத்துத் தள்ளினாள். மூக்கருகே கன்னத்தை வைத்துப் பார்த்தாள். பிறகு மண்டியிட்டு, கை மேல் கை வைத்து, அழுத்த ஆரம்பித்தாள்.

"ஏ பொம்பள, என்னா பண்ற. வலிப்பு வந்தவன அமுக்கிக் கொல்றியா" என்று ஒருவன் அவள் தோளைப் பிடித்து இழுத்தான்.

"கை வச்சீன்னா அந்தக் கைய ஒடச்சுருவேன். நெஞ்சு நின்னு போச்சுடா. சாவியெல்லாம் பொறுக்கிகினு அப்பிடிப் போங்க. சார், 108க்கு அடிங்க. நம்ம வண்டி எங்க?"

நம் வண்டி தர்மபுரியில் மாலை வாங்கிக்கொண்டிருந்தது. 108க்கு நான்தான் போன் செய்தேன். அதைக்கூட அவள் சொல்லித்தான் செய்தேன்.

பதினேழு நிமிடம். நான் நடுவர், கையில் கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது, அதனால் சரியாகத் தெரியும். ஐந்தாவது நிமிடத்தில் அவள் வேகம் குறைய ஆரம்பித்தது. எதிரணியின் கோல்கீப்பர், பெங்களூர்ப் பையன், கையுறையைக் கழற்றி எறிந்துவிட்டு எதிரே மண்டியிட்டான். "அக்கா, நானு மாட்தீனி" என்றான், நான் செய்கிறேன் என்று. லாரிக்காரர்களோடு பழகியவளுக்குக் கன்னடம் புரியும். எங்கே கை வைக்க வேண்டும் என்று காட்டிவிட்டு, பக்கத்தில் உட்கார்ந்து சத்தம் போட்டு எண்ணினாள். மாற்றி மாற்றி இருவரும் அழுத்தினார்கள். ஒரு கட்டத்தில் உள்ளே ஏதோ முறிகிற சத்தம் கேட்டது. பக்கத்தில் இருந்தவர்கள் 'ஐயோ' என்றார்கள். அவள் கையை எடுக்கவில்லை.

108 வந்தது. நெஞ்சில் பட்டையை ஒட்டி, எல்லாரையும் விலகச் சொல்லி, ஒருமுறை கரண்ட் கொடுத்தார்கள். உடம்பு ஒரு துள்ளுத் துள்ளியது. மறுபடி அழுத்தியபடியே வண்டியில் ஏற்றிக் கொண்டுபோனார்கள். மூச்சு வந்ததா, இல்லையா என்று யாரும் சொல்லவில்லை. கோகிலா அந்த இடத்திலேயே, சிதறிக் கிடந்த சோடாக் கண்ணாடிக்கு நடுவில், கையைத் தொங்கப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

வண்டி கிளப்பிய புழுதி அடங்குவதற்குள் அர்ச்சுனன் என்னிடம் வந்தார்.

"சார், எத்தன நிமிசம் பாக்கி?"

எனக்குப் புரியவில்லை.

"மொத பாதியில எத்தன பாக்கின்னேன். விருந்தினர் தொப்பூர் தாண்டிட்டாராம். வரும்போது ஆட்டம் நடக்கலன்னா மூஞ்சி எங்க சார் வச்சுக்கறது. அந்தப் பையனதான் அனுப்பியாச்சே, இனி டாக்டர் பாத்துக்குவாங்க. மாத்து ஆள எறக்கச் சொல்லிட்டேன்."

சொல்லி முடிப்பதற்குள் மைக்கில் குரல் வந்துவிட்டது. 'ரசிகப் பெருமக்களே, வீரர் ரஞ்சித்குமார் அவர்கள் கண் விழித்துவிட்டார், நலமாகப் பேசிக்கொண்டிருக்கிறார், இன்னும் சில நொடிகளில் ஆட்டம் தொடரும்.' கூட்டம் கை தட்டியது. இரண்டு கைகளையும் சேர்த்து, சந்தோஷமாகத் தட்டியது. அவ்வளவு பெரிய பொய்யை வாய் கூசாமல் சொன்னவனைவிட, அதை நம்ப ஆசைப்பட்டுக் கை தட்டியவர்கள்மேல்தான் எனக்கு அருவருப்பு அதிகமாக இருந்தது. காசு கொடுத்து டிக்கெட் வாங்கியவர்கள், மீதி ஆட்டம் வேண்டும்.

ஆட்டக்காரர்கள் அங்கங்கே நின்றார்கள். ஒருவன் வாந்தி எடுத்தான். கோல்கீப்பர் கையுறையைத் தேடக்கூட இல்லை. ஆனால் முடியாது என்று ஒருவரும் சொல்லவில்லை. சொன்னால் அடுத்த ஊரில் கூப்பிட மாட்டார்கள். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நிறுத்தும் அதிகாரம் மைதானத்தில் எனக்கு ஒருவனுக்குத்தான் உண்டு. தள்ளிவைக்கிறேன் என்று நான் சொன்னால் அர்ச்சுனனாலும் ஒன்றும் செய்ய முடியாது. அது எனக்கும் தெரியும். தெரிந்தும் நான் பந்தை எடுத்துக்கொண்டு அவன் விழுந்த இடத்துக்கு நடந்தேன், அங்கிருந்து ஆட்டத்தைத் தொடங்க.

அந்த இடத்தில் கோகிலா உட்கார்ந்திருந்தாள்.

"எழுந்திரும்மா" என்றேன்.

அவள் எழவில்லை. அர்ச்சுனன் பின்னாலேயே வந்துவிட்டார். "இந்தாம்மா, ஒன் வேல முடிஞ்சுது இல்ல. பந்தல்ல சோறு தீயுது பாரு, போ. சோறாக்க வந்தவ சோத்த ஆக்கு."

"தீயட்டும்" என்றாள். பிறகு என்னைப் பார்த்தாள். "சார், அந்தப் பையன் பேசறான்னு மைக்குல சொன்னாங்களே, யாரு பாத்தது?"

நான் மேடைப் பக்கம் பார்த்தேன்.

"நாந்தான் அவன் நெஞ்சுல கை வச்சிருந்தேன். அவனுக்கு உசுரு இருக்குதா இல்லியான்னு எனக்கே தெரியல. வண்டியில ஏத்தனவங்களுக்கே தெரியல. ஸ்டேஜ்ல குந்திகினு இருக்கறவனுக்கு எப்பிடித் தெரிஞ்சுது? நீங்க சொல்லுங்க, அவன் பேசறான்னு ஒங்களுக்குத் தெரியும்னு சொல்லுங்க, நான் எழுந்து போயிடறேன்."

அர்ச்சுனன் அவள் கையைப் பிடித்து இழுக்கக் குனிந்தார். அப்போது நான் விசிலை ஊதினேன். மூன்று நீள விசில். ஏதோ பெரிய தைரியத்தில் ஊதியதாக நினைக்க வேண்டாம். அவன் பேசுகிறான் என்று என்னால் சொல்ல முடியவில்லை, அவ்வளவுதான். ஆட்டம் தள்ளிவைக்கப்படுகிறது என்று ஸ்கோர் தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். கூட்டம் என் அம்மாவை இழுத்துத் திட்டியது. ஒரு தண்ணீர் பாட்டில் முதுகில் விழுந்தது. கோகிலா சோற்றை இறக்கப் போனாள், அது நிஜமாகவே தீய்ந்திருந்தது.

அன்று மாலையே குழுவின் வாட்ஸ்அப்பில் ஒரு படம் வந்தது. 'விழாக் குழுவினரின் துரித நடவடிக்கையால் வீரர் மீட்பு. தவிர்க்க இயலாத காரணத்தால் அரையிறுதி அடுத்த ஞாயிறு மாலை நான்கு மணிக்கு.' கீழே அர்ச்சுனன் கை கூப்பிய படம். மாலை வாங்கப் போன ஆம்புலன்சின் படமும் இருந்தது. கோகிலாவின் படம் அதில் இல்லை. அவள் வேறு இடத்தில் இருந்தாள். அவள் மண்டியிட்டு அழுத்துகிற பன்னிரண்டு நொடியை எவனோ வெட்டியெடுத்து, காதல் பாட்டு ஒன்றைப் பின்னால் போட்டு, சிரிக்கிற பொம்மைகளை ஒட்டி அனுப்பியிருந்தான். மாவட்டம் முழுக்கச் சுற்றியது. அதை எனக்கு அனுப்பியவர்களில் ஒருவர் ஓய்வு பெற்ற தலைமையாசிரியர்.

அவள் கடைக்குச் சாப்பிட வந்தவர்களில் இரண்டு பேர், "எங்களுக்குங்கூட நெஞ்சு வலிக்குது கோகிலா" என்று இளித்திருக்கிறார்கள்.

"படு. எலும்பு எத்தன ஒடையணும் சொல்லு" என்றாளாம்.

ஆனால் அவளுக்கு அது பெரிதில்லை. பையன் என்ன ஆனான் என்று தெரியவில்லையே என்பதுதான் அவளை அரித்துக்கொண்டிருந்தது. ஊரில் ஒருவர் செத்துவிட்டான் என்றார், ஒருவர் வீட்டுக்கே போய்விட்டான் என்றார். திங்கட்கிழமை கடையை மூடிவிட்டுத் தர்மபுரி ஆஸ்பத்திரிக்குப் போனாள். சேலத்துக்கு அனுப்பிவிட்டோம் என்றார்கள். சேலத்தில் ஒரு பெரிய ஆஸ்பத்திரி வாசலில், நீ அவருக்கு என்ன உறவு என்று கேட்டார்கள். என்ன சொல்வது என்று தெரியாமல் பஸ் ஏறித் திரும்பிவிட்டாள். நான் அர்ச்சுனனுக்கு இரண்டு தடவை போன் போட்டேன். "சூப்பரா இருக்கான் சார்" என்றார், மைக்கில் கேட்ட அதே தொனியில். அதற்கு மேல் நான் விசாரிக்கவில்லை.

வியாழக்கிழமை காலை அர்ச்சுனனே கூப்பிட்டார். ஞாயிற்றுக்கிழமை நீங்கள்தான் ஊத வேண்டும், வேறு ஆள் கிடைக்கவில்லை என்றார். சரி என்றேன். சமையலுக்கு வேறு ஆள் சொல்லியாகிவிட்டது, குழுவின் அண்டா இரண்டு அந்தம்மாவிடம் இருக்கிறது, போய் வாங்கிவந்துவிடுங்கள் என்றார். அதற்கும் சரி என்றேன். இந்த 'சரி'யை நான் எத்தனை வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன் என்று தொப்பூர் பஸ்ஸில் உட்கார்ந்து யோசித்தேன். வண்டியை விட்டு இறங்கிவிடவில்லை.

நான் போனபோது மதியம் ஒரு மணி. அண்டாவைப் பற்றி எப்படி ஆரம்பிப்பது என்று பெஞ்சில் உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தேன். வெளியே ஷேர் ஆட்டோவிலிருந்து ஒரு அம்மாள் இறங்கினார். அறுபது வயதுக்குக் கிட்டே. கருத்த, ஒல்லியான உடம்பு, கையில் மஞ்சப் பை. நேராக உள்ளே வந்து அடுப்புக்கு முன்னால் நின்றார்.

"எம்மவன் நெஞ்ச மிதிச்சவ நீதானா?"

கோகிலா கரண்டியை வைத்தாள். "யாருங்க ஆத்தா நீங்க?"

"ரஞ்சித்தோட ஆத்தா. குள்ளம்மா. வத்தமலையிலேர்ந்து எறங்கி நாலு நாளா சேலத்துல கெடக்கறேன். கமிட்டிக்காரரு சொன்னாரு, எல்லாம் சரியாப் பாத்துகினு இருந்தப்ப சோறாக்கற பொம்பள ஒருத்தி நடுவுல பூந்து ஏறி மிதிச்சுட்டான்னு. மூணு எலும்பு. மூணு. ஒனக்கு எம்மவன் என்னாடி பாவம் பண்ணான்?"

ஆம்புலன்ஸ் எங்கே போயிருந்தது என்று அந்தத் தாய் கேட்டுவிடக் கூடாது என்பதற்காக, பழி போட ஒருத்தியைக் கை காட்டியிருக்கிறான் அர்ச்சுனன். இதைவிடக் கேவலமான ஒன்றை நான் கேட்டதில்லை. நான் எழுந்து வாயைத் திறப்பதற்குள் கோகிலா கேட்டாள்.

"பேசறானா?"

"பேசாம என்னா. வலிக்குது வலிக்குதுன்னு ஆசுபத்திரியே ரெண்டு படறாப்பல கத்தறான். இருமனாக்கூட உசுரு போவுதுங்கறான். எவ ஒடச்சான்னு ஒன்னத்தான் திட்டறான்."

"வாயத் தொறந்து திட்டறானா?"

"நான் பொய்யா சொல்றேன்?"

கோகிலா அடுப்பு மேடையைப் பிடித்துக்கொண்டு மெல்லத் தரையில் உட்கார்ந்தாள். முந்தானையை முகத்தில் வைத்து அழுதாள். கடையில் சாப்பிட்டுக்கொண்டிருந்த இரண்டு டிரைவர்கள் கையை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். அடிக்க வந்த அம்மாளுக்கு ஒன்றும் விளங்கவில்லை. பையை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டு நின்றார்.

நான் சொன்னேன். அவன் விழுந்ததிலிருந்து எல்லாவற்றையும் சொன்னேன். நெஞ்சு நின்றது, சாவி, மாலை வாங்கப் போன வண்டி, பதினேழு நிமிடம், எலும்பு எப்படி ஒடிந்தது, மைக்கில் சொன்னது. மஞ்சள் அட்டையையும் சொன்னேன். முடித்ததும் குள்ளம்மாள் வாசல் வரை போனார். காறி வெளியே துப்பினார். திரும்பி வந்தார்.

"அந்த ஆட்டம் திரும்ப வெக்கறாங்களா?" என்று என்னைக் கேட்டார்.

"ஞாயித்துக்கெழமைங்க."

"எம்மவன் எடத்துல?"

"வேற பையனக் கூட்டி வருவாங்க."

"நீங்க ஊதப் போறீங்களா?"

காலையிலேயே ஒத்துக்கொண்டுவிட்டேன் என்றேன். அவர் என்னைப் பார்த்த பார்வைக்கு, வெளியே துப்பியதை என்மேலேயே துப்பியிருக்கலாம். பிறகு என்னை விட்டுவிட்டார். கோகிலாவுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, அவள் முகத்திலிருந்து முந்தானையை எடுத்தார்.

"எம்மா, நீயும் போறியா அங்க?"

"என்னக் கூப்புடலீங்க ஆத்தா. சமையலுக்கு வேற ஆளு வெச்சுட்டாங்க போலிருக்குது. சாரு அதச் சொல்லத்தான் வந்திருக்காரு, எனக்குத் தெரியும்."

"கூப்புடாட்டி என்னா. சோறாக்க வேணாம். சும்மா போயி ஓரமா நில்லு" என்றார் குள்ளம்மாள். "வர்றவனும் யாரோ பெத்த புள்ளதான."

கோகிலா மூக்கைத் துடைத்துக்கொண்டாள். அடுப்பில் குழம்பு பொங்க, எழுந்துபோய்த் தணித்துவிட்டு என் பக்கம் திரும்பினாள்.

"எத்தன மணிக்கு சார்?"

"நாலுக்கு" என்றேன்.